தருமபுரியில் இருந்துகொண்டே ஆவணப்படம் எடுத்துப் பிழைக்க முடியுமா?

கேட்டவர் பாலக்கோட்டுக்காரர். ஓசூரில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் வேலை பார்க்கிறார். "குழந்தைத் திருமணம், சாதி, பெண் சிசுக்கொலை மாதிரி விஷயங்களை ஆவணப்படமாக எடுப்பதையே தொழிலாக வைத்துக்கொள்ள ஆசை. சென்னைக்குப் போகாமல் இங்கிருந்தே முடியுமா? வேலையை விட்டுவிடலாமா? என்ன கேமரா வாங்கலாம்?" என்று எழுதியிருக்கிறார். எழுத்தில் இருப்பது மூன்று கேள்வி. இரண்டாம் முறை படித்தபோது எனக்கு நான்காவதாக ஒன்று காதில் விழுந்தது. நம்ம ஊர்ச் சங்கதியைப் படமாக எடுத்துவிட்டு, மறுநாள் அதே ஊர்க் கடையில் நின்று டீ குடிக்க முடியுமா? முதலில் அதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன். சம்பாத்தியக் கணக்கு அப்புறம்.

நான் யார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1996 முதல் தருமபுரியில் கல்யாண வீடியோ எடுக்கிறேன். தோளில் தூக்கி வைக்கும் வீஎச்எஸ் கேமராவில் ஆரம்பித்தவன். இடையில் ஆறு ஆவணப்படங்கள் எடுத்தேன், அவற்றில் ஐந்துதான் வெளியே வந்தன. திரைப்படக் கல்லூரி வாசலை மிதித்ததில்லை. ஓடிடி கம்பெனிகளோடு உட்கார்ந்து பேரம் பேசியதும் இல்லை. அந்தப் பக்கத்துக்கு வேறு ஆளைத்தான் கேட்க வேண்டும். மாவட்டத் தலைநகரில் ஒரு சின்ன ஸ்டுடியோவை வைத்துக்கொண்டு இந்த வேலையைச் செய்தால் என்ன ஆகும் என்பது மட்டும் எனக்கு நன்றாகத் தெரியும்.

என்னை ஆவணப்படத்துக்குள் இழுத்தது கொள்கை இல்லை, பல். கல்யாண வீடியோவில் பெண்ணையும் மாப்பிள்ளையையும் சிரிக்கச் சொல்வோம் இல்லையா? சில ஊர்களில் எடுக்கும்போது மட்டும் பெண் உதட்டை இறுக்கிக்கொண்டு சிரிக்கும். அம்மாவோ அத்தையோ ஓரமாக நின்று, "வாய மூடிச் சிரி கண்ணு" என்று மெதுவாகச் சொல்வார்கள். வெட்கம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஆல்பத்துக்குப் படம் திருத்துகிற பையன்தான் ஒருநாள், "அண்ணா, இந்த ரூட்டு கல்யாணம் எல்லாத்துலயும் பல்லு வெளுக்க வேண்டியிருக்கு" என்றான். பழைய ஆல்பங்களை எடுத்துப் பார்த்தேன். உண்மைதான். பென்னாகரம், பாலக்கோடு பக்கத்து ஊர்களில் அப்பா, பிள்ளை, மாமன் என்று எல்லாருடைய பல்லிலும் பழுப்புக் கோடு. ஆழ்துளைக் கிணற்று நீரில் இருக்கும் புளோரைடு செய்த வேலை. நம் மாவட்டத்தின் அடிப்பாறையிலேயே அது இருக்கிறது. கிணறு எவ்வளவு ஆழம் போகிறதோ அவ்வளவுக்குப் பிரச்சினையும் கூடும். ஒரு லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் போனால் குடிநீருக்கு ஆகாது என்பது இந்தியத் தர அளவு. பல் உருவாகிற சின்ன வயதில் அந்தத் தண்ணீரைக் குடித்தால் கறை பல்லோடு சேர்ந்தே முளைக்கிறது. எந்தப் பற்பொடி போட்டுத் தேய்த்தாலும் போகாது. முற்றினால் மூட்டும் முதுகெலும்பும் இறுகிவிடும்.

2005 ஆடி மாதம் அதைப் படமாக எடுத்தேன். இருபத்திரண்டு நிமிடம். அதில் ஒரு பெண், அப்போது பதினைந்து வயது, கிணற்றடியில் தோழிகளோடு பேசிக்கொண்டே வாய்விட்டுச் சிரிப்பாள். கேமரா இருப்பதை மறந்து சிரித்த சிரிப்பு. படத்திலேயே நல்ல காட்சி அதுதான் என்று எல்லாரும் சொன்னார்கள், நானும் அப்படித்தான் நினைத்தேன். அவள் அப்பாவிடம் கையெழுத்து வாங்கியிருந்தேன். அடுத்த பங்குனியில் அதே ஊர் மாரியம்மன் கோயில் எதிரில் வெள்ளை வேட்டியைக் கட்டி, ஜெனரேட்டர் வைத்துப் படம் போட்டேன். அவள் முகம் திரை முழுக்க வந்ததும் பையன்கள் அவள் பெயரைச் சொல்லிக் கூச்சல் போட்டார்கள். தாவணியால் வாயைப் பொத்திக்கொண்டு அவள் எழுந்து போனதைப் பார்த்தேன். பார்த்தும் படத்தை நிறுத்தவில்லை.

மூன்று வருடம் கழித்து அவள் அம்மா ஸ்டுடியோவுக்கு வந்தார். பெண் பார்க்க வந்தவர்கள் வேண்டாம் என்று போய்விட்டார்களாம். "சீடில பாத்துட்டாங்கப்பா" என்றார். திட்டவில்லை, அழவுமில்லை. அந்த சீடி இன்னும் எத்தனை பேரிடம் இருக்கிறது என்று மட்டும் கேட்டார். முந்நூறு பிரதி போட்டு விநியோகித்திருந்தேன். திரும்ப வாங்க முடிந்தது நாற்பதோ என்னவோ. காட்சியை வெட்டிப் புதிதாக ஒரு பிரதி தயாரித்தேன், ஆனால் ஊரில் சுற்றிக்கொண்டிருந்தது பழையதுதான். இன்றைக்கென்றால் வாட்ஸப்பில் போயிருக்கும், அந்த நாற்பதும் திரும்ப வராது.

நான் இங்கே சொல்ல வந்தது அடிப்படையில் இந்த ஒன்றைத்தான். படம் பிடிக்கிற அன்று ஒருவர் தரும் சம்மதம் அன்றைக்கு மட்டும்தான் செல்லும். திரையிடுகிற அன்று வேறு சம்மதம் வேண்டும். அதற்குப் பிறகு எனக்கு ஒரு வழக்கம் வந்தது. எடிட் முடிந்ததும் படத்தில் இருக்கும் ஒவ்வொருவர் வீட்டுக்கும் போய், அவர்கள் வரும் பகுதியைப் போட்டுக் காட்டுவேன். இருட்டில், ஊரே பார்க்கிற மாதிரி ஓடினால் எப்படி இருக்கும் என்று கேட்பேன். வெட்டு என்றால் வெட்டிவிடுவேன், காரணம் கேட்பதில்லை. என் ஆறாவது படம் வெளியே வராததற்கு இதுதான் காரணம். பெண் சிசுக்கொலை நடந்த காலத்தில் பிரசவம் பார்த்துக்கொண்டிருந்த ஒரு கிழவி ஒன்றரை மணி நேரம் பேசியிருந்தார். அவர் பேச்சை வெட்டிவிட்டால் அதில் படமே இல்லை. போட்டுக் காட்டியபோது கடைசி வரை அமைதியாகப் பார்த்துவிட்டு, "நான் செத்தப்புறம் போட்டுக்க" என்றார். இப்போது அவர் இல்லை. ஆனால் பேரப்பிள்ளைகள் அதே ஊரில் இருக்கிறார்கள். அந்த ஹார்ட் டிஸ்க் பீரோவில் கிடக்கிறது.

சரி, நீங்கள் முதலில் எடுக்க நினைக்கும் குழந்தைத் திருமணத்துக்கு வருகிறேன். இதில் எனக்கு ஒரு குற்ற உணர்ச்சி உண்டு, மறைக்காமல் சொல்கிறேன். என் பழைய டேப்புகளில் பதினெட்டு நிரம்பாத மணப்பெண்கள் இருக்கிறார்கள். எத்தனை பேர் என்று எண்ணிப் பார்க்கும் தைரியம் எனக்கு இல்லை. வீடியோக்காரர்களுக்கு அடையாளம் தெரியும். பத்திரிகை அடித்திருக்க மாட்டார்கள். வாசலில் பிளெக்ஸ் இருக்காது. மண்டபம் பிடிக்காமல் மலைக்கோயிலில், விடிவதற்குள் தாலி. "சும்மா வீட்டு ஞாபகத்துக்கு எடுத்துக் குடுங்க" என்பார்கள். அப்போது நானும் முன்பணத்தை வாங்கிக்கொண்டு போனேன். 2006ஆம் ஆண்டுக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம், கல்யாணத்தை நடத்தி வைப்பவருக்கும் அதற்கு உடந்தையாக இருப்பவருக்கும் இரண்டு வருடம் வரை கடுங்காவலும் ஒரு லட்சம் வரை அபராதமும் விதிக்கிறது. இப்போது அந்த மாதிரி அழைப்பு வந்தால் போகமாட்டேன், குழந்தைகள் உதவி எண் 1098க்குப் போன் போடுவேன்.

படம் எடுப்பவர்கள் பலர் கவனிக்காத ஒரு இடம் இதில் இருக்கிறது. கழுத்தில் தாலியும் வயிற்றில் பிள்ளையுமாக ஒரு பதினாறு வயதுப் பெண் உங்கள் கேமரா முன் உட்கார்ந்து பேசினால், நீங்கள் வெறும் பார்வையாளர் இல்லை. குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களைத் தடுக்கும் போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, குற்றம் நடந்தது தெரிந்த யாரும் காவல்துறைக்குத் தகவல் சொல்லியே ஆக வேண்டும். சொல்லாவிட்டால் ஆறு மாதம் வரை சிறை உண்டு. 23ஆம் பிரிவு அந்தக் குழந்தையின் அடையாளத்தை வெளியிடக் கூடாது என்கிறது. முகத்தை மங்கலாக்கினால் போதும் என்று நினைக்காதீர்கள். பெயர், முகவரி, பள்ளிக்கூடம், குடும்பம், அக்கம்பக்கம் என்று எதை வைத்துக் கண்டுபிடிக்க முடிந்தாலும் தவறுதான். நம்ம பக்கத்துக் கிராமத்தில் ஒரு வேப்பமரத்தையும் தண்ணீர்த் தொட்டியையும் காட்டினாலே யார் வீடு என்று சொல்லிவிடுவார்கள். சட்டம் சொல்வது இவ்வளவும் நிச்சயம். நிச்சயமில்லாதது நம் மனசு. நம்பிப் பேசிய பெண்ணைப் பற்றியே புகார் கொடுத்தால் அவளுக்கு நன்மையா, இல்லை அவள் புருஷன் ஜெயிலுக்குப் போய் அவள் நடுத்தெருவில் நிற்பாளா? இரண்டும் நடக்கப் பார்த்திருக்கிறேன். அதனால் என் யோசனை இது: இப்போதைய சிறுமிகளிடம் கேமராவோடு போகாதீர்கள். நாற்பது வயதைத் தாண்டிய, பதினாலு பதினைந்தில் கல்யாணமான பெண்கள் நம் மாவட்டத்தில் தெருவுக்கு நாலு பேர் இருக்கிறார்கள். இன்று அவர்களுக்குச் சொந்தமாகச் சம்மதம் சொல்லவும் முடியாது என்று சொல்லவும் வயசு இருக்கிறது. அவர்களில் சிலர் இப்போது மகளுக்கோ பேத்திக்கோ மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருப்பார்கள். படம் அங்கேதான் இருக்கிறது.

ஊரே அறிந்த கொடுமைகளைத் தொடும்போது இன்னொரு விஷயம். அரூர் பக்கம், சித்தேரி மலையடிவாரத்து வாச்சாத்தியை எடுத்துக்கொள்ளுங்கள். 1992 ஜூன் 20 அன்று சந்தனமரம் தேடுகிறோம் என்று வனத்துறையும் காவல்துறையும் வருவாய்த்துறையும் சேர்ந்து ஊருக்குள் புகுந்தன. பதினெட்டுப் பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். வழக்கு சிபிஐக்குப் போகவே 1995 ஆனது. 269 பேர் மீது குற்றச்சாட்டு. 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது அவர்களில் 54 பேர் இறந்துபோயிருந்தார்கள், மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்றது. உயர் நீதிமன்றம் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்ய 2023 செப்டம்பர் ஆகிவிட்டது. தீர்ப்பு வந்த அன்று கோர்ட் வாசலில் மைக்கை நீட்டிய கூட்டத்தில் நானும் இருந்தேன். கைநீளத்தில் நின்ற ஒரு அம்மாவிடம் கேள்வி கேட்க வாயெடுத்தபோதுதான் உறைத்தது. பத்தொன்பது வருடமாக விசாரணை அதிகாரிக்கும் வக்கீலுக்கும் நீதிபதிக்கும் சொன்னதை எனக்கும் ஒரு தடவை சொல்ல வேண்டுமா? கோர்ட் பதிவில் இருப்பதை அவர் வாயால் திரும்பக் கேட்க எனக்கென்ன உரிமை? மைக்கை மடக்கிக்கொண்டு வந்துவிட்டேன். ஆவணம் இருக்கும் இடத்தில் ஆவணத்தைப் படியுங்கள். ஆளைத் தொந்தரவு செய்வது கடைசி வழி.

சாதியைப் பற்றியும் கேட்டிருந்தீர்கள். 2012 நவம்பர் 7 அன்று நாயக்கன்கொட்டாய் பக்கம் தலித் மக்கள் வாழும் நத்தம் காலனியும் அதை ஒட்டிய குடியிருப்புகளும் சாதி வன்முறையில் எரிந்தபோது ஸ்டுடியோவில்தான் இருந்தேன். இருநூறுக்கும் மேற்பட்ட வீடுகள். மறுநாள் வெளியூர்க் கேமராக்கள் வரிசையாக வந்தன. நான் போகவில்லை. இரண்டு பக்கத்திலும் எனக்கு வாடிக்கையாளர்கள், இரண்டு பக்கத்துக் கல்யாணமும் நான் எடுத்தது. அது நடுநிலை என்று சொல்லிக்கொள்ளலாம். பயம் என்பதுதான் சரியான வார்த்தை. நீங்கள் துணிந்து எடுப்பீர்களானால் என்னைவிட நல்லவர். ஆனால் உள்ளூரிலேயே குடியிருந்துகொண்டு எடுப்பவரின் பயமும் வேனில் வந்து போகிறவரின் பயமும் ஒன்றில்லை என்பதை மறந்துவிடாதீர்கள். டீக்கடைக் கேள்விக்கு என் பதிலும் இதில் இருக்கிறது. பல்லைப் பற்றி எடுத்தால் குடிக்கலாம். சாதியைப் பற்றி எடுத்தால் கொஞ்ச நாளைக்கு வேறு கடை பார்த்துக்கொள்ள வேண்டும்.

படத்தால் ஏதாவது மாறுமா என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் கேட்பீர்கள். என் படத்தால் காவிரித் தண்ணீர் வரவில்லை. ஜப்பான் கடனுதவியோடு ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்தது, 2013இல் தண்ணீர் விட்டார்கள். அதற்குப் பின்னால் எத்தனையோ பேருடைய பல வருட உழைப்பு இருந்தது. பெண் குழந்தை விஷயத்திலும் அப்படியே. 2001 கணக்கெடுப்பில் தருமபுரியில் ஆறு வயதுக்குட்பட்ட ஆயிரம் ஆண் குழந்தைகளுக்கு 826 பெண் குழந்தைகள்தான். 2011இல் அது 900ஐத் தாண்டியது. 1992இல் சேலத்தில் ஆரம்பித்த தொட்டில் குழந்தைத் திட்டம் பிறகு இங்கும் வந்தது ஒரு காரணம் என்பார்கள், வழக்குகள் என்பார்கள், பெண்கள் படித்தது என்பார்கள். எது எவ்வளவு என்று பிரித்துச் சொல்பவரை நான் நம்பமாட்டேன். கள்ளிப்பால் போய் ஸ்கேன் வந்ததும் உண்மை. வயிற்றில் இருப்பது ஆணா பெண்ணா என்று சொல்லிக் காசு பார்த்த கும்பல்கள் தருமபுரி, கிருஷ்ணகிரி பக்கம் பிடிபட்ட செய்தி இப்போதும் வருகிறது. விருதுக்கும் இதே கதைதான். 2023 மார்ச்சில் முதுமலை யானைக்குட்டிகளைப் பற்றிய ஆவணப்படம் ஆஸ்கர் வாங்கியது, எல்லாரும் சந்தோஷப்பட்டோம். அதே மாதம்தான் உங்கள் மாரண்டஅள்ளிப் பக்கம் மூன்று யானைகள் மின்வேலியில் அடிபட்டு இறந்தன.

இனி காசு. ஆவணப்படத்தால் மட்டும் நான் ஒரு வருடம்கூடக் குடும்பம் நடத்தியதில்லை. எனக்குச் சோறு போட்டது முகூர்த்தம். தை, வைகாசி, ஆவணி என்றால் ராத்தூக்கம் கிடையாது. ஆடியிலும் மார்கழியிலும் நம்ம பக்கம் கல்யாணம் இல்லை, ஸ்டுடியோவில் ஈ ஓட்டுவோம். அந்த மாதங்கள்தான் என் ஆவணப்பட மாதங்கள். வருடத்தில் அறுபது நாள் கிடைக்கும். ஒரு படத்துக்கு மூன்று ஆடி, மூன்று மார்கழி என்று வைத்துக்கொள்ளுங்கள். மெதுவாக எடுப்பதில் ஒரு லாபமும் இருக்கிறது: அதே வீட்டுக்கு ஆறு முறை போகும்போது ஆறாவது முறைதான் உண்மையைப் பேசுவார்கள். தொண்டு நிறுவனங்கள் படம் எடுக்கக் காசு கொடுக்கும். வாங்கியிருக்கிறேன், ஒன்றும் தப்பில்லை. ஆனால் அவர்கள் கேட்பது முடிவில் நன்றி சொல்கிற ஒரு பயனாளியை. அதை உங்கள் படம் என்று நினைத்துக்கொள்ளாதீர்கள், கல்யாண வீடியோ மாதிரி அதுவும் ஒரு ஆர்டர். டெல்லியில் பிஎஸ்பிடி என்ற அறக்கட்டளை 2000 முதல் பல ஆவணப்படங்களுக்குப் பணம் கொடுத்திருக்கிறது. இப்படி வெளியில் நிதிக்கு எழுதிப் போடலாம், ஆனால் கிடைக்கும் என்று நம்பி வேலையை விடாதீர்கள். உங்களுக்கு ஷிப்ட் வேலை. நைட் ஷிப்ட் முடிந்த பகல்கள் இருக்கின்றன. விடவே வேண்டாம்.

எடுத்த பிறகு எங்கே போடுவது என்பது தனிக்கதை. 1952ஆம் ஆண்டு சினிமாட்டோகிராப் சட்டம் ஆவணப்படத்தையும் விட்டுவைக்கவில்லை, பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்று வேண்டும். மும்பையில் 1990 முதல் நடக்கிற திரைப்பட விழாவும் திருவனந்தபுரத்தில் 2008 முதல் நடக்கிற ஆவணப்பட, குறும்பட விழாவும் நமக்கு எட்டுகிற தூரம்தான். ஒருமுறையாவது பார்வையாளராகப் போய் நாலு நாள் உட்கார்ந்து பாருங்கள். சான்று இருந்தாலும் இல்லாவிட்டாலும் தடை வரும். கையால் மலம் அள்ளுவதைப் பற்றி 2017இல் வந்த 'கக்கூஸ்' படத்தைத் திரையிட நம் மாநிலத்திலேயே போலீஸ் அனுமதி மறுத்தது, கடைசியில் அது யூடியூபில் வெளியானது. ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தன் தன் படம் ஒன்று தூர்தர்ஷனில் வர உச்ச நீதிமன்றம் வரை போனார். பத்து வருடத்துக்கு மேல் இழுத்து 2006இல்தான் உத்தரவு வந்தது. யூடியூபில் ஏற்றத் தணிக்கைச் சான்று கேட்பதில்லை. ஆனால் மேலே சொன்ன போக்சோவும் அவதூறு வழக்கும் அங்கேயும் துரத்தும்.

கடைசியாகக் கேமரா. எதையும் வாங்காதீர்கள், கையில் இருக்கிற போன் போதும். மைக் மட்டும் வாங்குங்கள். சட்டையில் மாட்டுகிற சின்ன மைக், காற்றை மறைக்கிற பஞ்சு உறையோடு. படம் கொஞ்சம் ஆடினால் யாரும் எழுந்து போகமாட்டார்கள், பேச்சு புரியவில்லை என்றால் போய்விடுவார்கள். எடுத்ததை அன்று ராத்திரியே இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். முதல் படம் பத்து நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். முடிந்ததும் எனக்கு அனுப்ப அவசரப்படாதீர்கள், அதில் பேசியவர்களிடம் முதலில் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் எதை வெட்டச் சொன்னார்கள் என்று எழுதுங்கள். அடுத்த ஆடியில் நான் சும்மாதான் இருப்பேன், பாலக்கோட்டுக்கு வருகிறேன், உட்கார்ந்து பேசலாம்.